டாட்நெட் ஆஃப்லைன் இன்ஸ்டால் ரிவ்யூ: 4.8க்கு முழு மார்க், 3.5 படுத்துற பாடு

முதல்லயே தீர்ப்ப சொல்லிடறேன், அவசரத்துல இருக்கறவங்க இதோட கிளம்பிடலாம். நெட் இல்லாத சிஸ்டம் நிறைய வெச்சுக்கிட்டு அத்தனைலயும் டாட்நெட் ஃப்ரேம்வொர்க் (நிறைய விண்டோஸ் சாஃப்ட்வேர் ஓடறதுக்கு அடியில வேண்டிய மைக்ரோசாஃப்ட்டோட தளம்) போடணும்னா அதோட 4.8 வெர்ஷன் ஆஃப்லைன் இன்ஸ்டாலர தாராளமா நம்பலாம், விண்டோஸ் 7ல மட்டும் முன்னாடியே ரெண்டு வேலை இருக்கு. பழைய 3.5 வேணும்னா அதுக்குன்னு தனியா இன்ஸ்டாலர் தேடி அலையாதீங்க, உங்க விண்டோஸோட ஐஎஸ்ஓக்குள்ளயே (விண்டோஸ் போடற டிஸ்க்க அப்படியே ஒரே ஃபைலா ஆக்கினது) அது இருக்கு. சாஃப்ட்வேர் எழுதறதுக்கான விஷுவல் ஸ்டுடியோவோட ஆஃப்லைன் லேஅவுட் (முன்கூட்டியே இறக்கி வெக்கற இன்ஸ்டால் ஃபோல்டர்) நல்லாவே ஏறும், ஆனா லைசன்ஸ்ல ஒரு கொக்கி போட்டு வெச்சிருக்காங்க. ஒரே எடத்துல உக்காந்து எல்லா சிஸ்டத்துக்கும் தள்ளி விட பிஎஸ்எக்ஸெக்ங்கற குட்டி டூல் போதும், காசு குடுத்து எதுவும் வாங்கணும்னு அவசியம் இல்ல. இனிமே விவரமா.

நான் பாக்குற சிஸ்டமெல்லாம் என்ன மாதிரின்னா, பாலிடெக்னிக் லேப், மில்லுல எடை மேடை ரூம்ல இருக்கற ஒத்த சிஸ்டம், மளிகை மொத்த வியாபார கடையில பில்லிங் கவுன்டர், இந்த ரகம். இதுல பாதிக்கு வேணும்னே நெட் குடுக்க மாட்டாங்க, பசங்க யூட்யூப் பாப்பாங்க இல்லேன்னா வைரஸ் வரும்னு முதலாளி பயம், மீதி பாதியில நெட் இருக்கும் ஆனா ஒரு மொபைல் ஹாட்ஸ்பாட்ட நம்பி அத்தனை சிஸ்டமும் ஓடும். அதனால நான் எந்த இன்ஸ்டாலர எடுத்தாலும் பாக்குறது ஒண்ணே ஒண்ணுதான், பேர்ல ஆஃப்லைன்னு போட்டிருக்கே, லேன் கேபிள புடுங்கிட்டு ஓட்டினா நிஜமாவே கடைசி வரைக்கும் நெட்ட தேடாம முடிக்குதா? இந்த ரிவ்யூ முழுக்க அந்த ஒரு கேள்விக்குத்தான் பதில். ஸ்பீடு, அழகு இதெல்லாம் ரெண்டாம்பட்சம்.

ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி ஒரு குழப்பத்த தீத்துடணும், ஏன்னா பாதி பேர் இங்கதான் வழுக்கறாங்க. "4.8 போட்டாச்சுல்ல, அப்புறம் ஏன் 3.5 கேக்குது?"ங்கறது. 3.5ங்கறது 2.0, 3.0 ரெண்டையும் உள்ள வெச்சிருக்கற பழைய குடும்பம், அது ஓடுறது சிஎல்ஆர் 2ங்கற இன்ஜின்ல. 4.0லேர்ந்து 4.8.1 வரைக்கும் உள்ளது சிஎல்ஆர் 4ங்கற வேற இன்ஜின். 4 வரிசைக்குள்ள ஒண்ணு மேல ஒண்ணு ஏறிக்கும், 4.5 இருந்த எடத்துல 4.8 போட்டா 4.5 போயி 4.8 உக்காந்துக்கும், 4.5க்கு எழுதின சாஃப்ட்வேரும் அதுலயே ஓடும். ஆனா 2.0வுக்கு எழுதின சாஃப்ட்வேர் தானா போயி 4.8ல உக்காராது, எனக்கு என் இன்ஜின்தான் வேணும்னு நிக்கும். அதனால ஒரே சிஸ்டத்துல ரெண்டும் பக்கத்துல பக்கத்துல இருக்கறது சகஜம், ஒண்ண போட்டதுனால இன்னொண்ணு கெட்டுப்போகவும் போகாது.

இப்ப 4.8க்கு வருவோம். 2019 ஏப்ரல்ல வந்தது. டவுன்லோட் பண்ணும்போதே ரெண்டு தருவாங்க, ஒண்ணு வெப் இன்ஸ்டாலர், ஒண்ணரை எம்பி கூட இருக்காது, இன்னொண்ணு 110 எம்பிக்கு மேல இருக்கற ஆஃப்லைன் இன்ஸ்டாலர். ஃபைல் பேர்லயே "ஆல்ஓஎஸ்"னு வரும் பாருங்க, அதான் நமக்கு வேண்டியது. 32 பிட்டு, 64 பிட்டு ரெண்டுக்கும் அந்த ஒரே ஃபைல்தான், விண்டோஸ் 7, 8.1, 10னு எதுல போட்டாலும் தனக்கு வேண்டியத உள்ளேர்ந்து எடுத்துக்கும். ஒரு பென்டிரைவ்ல இத ஒண்ண போட்டுக்கிட்டா போதும்ங்கறது பெரிய நிம்மதி. சின்ன ஃபைலா இருக்கேன்னு ஒண்ணரை எம்பிய காப்பி பண்ணிட்டு போயி சைட்ல முழிக்கறவங்க இன்னமும் இருக்காங்க, சைஸ பாத்தாலே தெரிஞ்சுக்கலாம்.

இதுல எனக்கு ரொம்ப பிடிச்சது சத்தமில்லாம ஏத்தற வசதி. கமாண்ட்ல ஃபைல் பேருக்கு பின்னாடி ஸ்லாஷ் க்யூ போட்டு, ஸ்லாஷ் நோரீஸ்டார்ட்டும் போட்டுட்டா ஒரு விண்டோ கூட வராது, ஒரு கேள்வி கேக்காது, முடிச்சதும் ஒரு நம்பர குடுத்துட்டு போயிடும். 0 வந்தா சுபம். 3010 வந்தா ஏறிடுச்சு ஆனா ரீஸ்டார்ட் பண்ணணும்னு அர்த்தம், நிறைய பேர் இத எர்ரர்னு நெனச்சு மறுபடி மறுபடி போடுவாங்க, அதெல்லாம் வேண்டாம். 1603னா உண்மையிலேயே ஃபெயில். 5100 வந்தா இந்த சிஸ்டத்துக்கு இந்த வெர்ஷன் தகுதியே இல்லேன்னு அர்த்தம், சர்வீஸ் பேக் 1 போடாத விண்டோஸ் 7 மாதிரி. இந்த நம்பர்கள ஸ்க்ரிப்ட்ல பிடிச்சு ஒரு டெக்ஸ்ட் ஃபைல்ல சிஸ்டம் பேரோட எழுதி வெச்சுட்டா, லேப் முழுக்க போட்டு முடிச்சப்புறம் எது எது ரீஸ்டார்ட் ஆகணும், எது எது மறுபடி பாக்கணும்னு ஒரே பார்வையில தெரிஞ்சுடும்.

போட்டாச்சான்னு எப்படி பாக்குறது? கன்ட்ரோல் பேனல்ல ப்ரோக்ராம் லிஸ்ட்ல தேடாதீங்க, விண்டோஸ் 10ல அது அப்டேட் கணக்குல போயி இன்ஸ்டால்டு அப்டேட்ஸ்லதான் உக்காந்திருக்கும். சரியான எடம் ரெஜிஸ்ட்ரி (விண்டோஸ் தன் செட்டிங்கெல்லாம் எழுதி வெக்கற எடம்), அதுல என்டிபிங்கற கீக்கு கீழ வி4, அதுக்கு கீழ ஃபுல்னு ஒரு கீ, அதுல ரிலீஸ்னு ஒரு நம்பர் இருக்கும். 528040 இல்லேன்னா அதுக்கு மேல இருந்தா 4.8 இருக்குன்னு அர்த்தம், 533320 இல்லேன்னா அதுக்கு மேலன்னா 4.8.1. என் ஸ்க்ரிப்ட் மொதல்ல இத பாத்துட்டுதான் மேற்கொண்டு போகும், ஏன்னா விண்டோஸ் 10ல 1903 வெர்ஷன்லேர்ந்தே 4.8 கூடவே வந்துடுது, விண்டோஸ் 11லயும் அப்படித்தான், ஏற்கனவே இருக்கறதுக்கு போயி மெனக்கெடணுமா.

4.8.1 இருக்கே, அத போடக்கூடாதான்னு கேப்பீங்க. 2022 ஆகஸ்ட்ல வந்தது, விண்டோஸ் 7லயும் 8.1லயும் ஏறாது. கலவையா பழசும் புதுசும் இருக்கற எடத்துல 4.8தான் வசதி.

சரி, ஆஃப்லைன் பரீட்சைல 4.8 எங்க சறுக்குதுன்னா விண்டோஸ் 7ல. புதுசா ஃபார்மேட் பண்ணி, ஒரு தடவ கூட நெட்ட பாக்காத விண்டோஸ் 7ல இத ஓட்டினா, சர்டிஃபிகேட் சங்கிலி ஒண்ணு நம்பகமில்லாத ரூட்ல போயி முடியுதுன்னு ஒரு நீளமான மெசேஜ் போட்டு நின்னுடும். ஃபைல் கரப்ட் ஆயிடுச்சுன்னு நெனச்சு மறுபடி டவுன்லோட் பண்றவங்க உண்டு, ஃபைல்ல ஒரு குறையும் இல்ல. அந்த ஃபைல்ல இருக்கற கையெழுத்து மைக்ரோசாஃப்ட்டோட 2011 ரூட் சர்டிஃபிகேட்ட (கையெழுத்து நிஜந்தான்னு விண்டோஸ் நம்பறதுக்கு ஆதாரம்) வெச்சு போட்டது, விண்டோஸ் 7 டிஸ்க் வந்த காலத்துல அந்த சர்டிஃபிகேட்டே கெடையாது, நெட் இருந்தா விண்டோஸ் தானா போயி எடுத்துட்டு வந்துடும், நெட் இல்லாததுனால யாரு கையெழுத்துன்னே தெரியாம முழிக்குது. அந்த சர்டிஃபிகேட் ஃபைல் ஒரு ரெண்டு கேபி இருக்கும், மைக்ரோசாஃப்ட் தளத்துலயே கெடைக்கும், அத பென்டிரைவ்ல வெச்சுக்கிட்டு சர்ட்யூடில் கமாண்ட்ல ஆட்ஸ்டோர் ரூட்னு குடுத்து ஏத்திட்டு அப்புறம் 4.8 போட்டா ஓடும்.

அது முடிஞ்சா அடுத்தது டி3டிகம்பைலர்_47ங்கற டிஎல்எல் இல்லேன்னு சொல்லும், அதுக்கு கேபி4019990ங்கற அப்டேட். இதையும் தனியா இறக்கி வெச்சுக்கணும், 32 பிட்டுக்கு ஒண்ணு, 64க்கு ஒண்ணு. இந்த ரெண்டு வேலையும் செஞ்சுட்டா விண்டோஸ் 7லயும் 4.8 சமர்த்தா ஏறிடும். விண்டோஸ் 7க்கு சப்போர்ட் 2020 ஜனவரிலயே முடிஞ்சுது, இன்னும் ஏன் வெச்சிருக்கீங்கன்னு கேக்காதீங்க, எடை மேடையில போயி முதலாளிகிட்ட கேளுங்க.

விண்டோஸ் 10ல ஒரு விஷயம். நெட் இல்லாத லேப்ல விண்டோஸ் அப்டேட் சர்வீஸ டிசேபிள் பண்ணி வெக்கற பழக்கம் நம்ம ஊர்ல எல்லார்க்கும் உண்டு, அது டிசேபிள்ல இருந்தா இன்ஸ்டால் முரண்டு பிடிக்கலாம், ஏன்னா அங்க இது அப்டேட் பாணியிலதான் ஏறுது. 0எக்ஸ்80070422னு வந்தா ஒரு சர்வீஸ் டிசேபிள்ல இருக்குன்னுதான் அர்த்தம், மேனுவலுக்கு மாத்திட்டு போட்டுட்டு மறுபடி உங்க இஷ்டப்படி வெச்சுக்குங்க.

இன்னொண்ணு, போட்டு முடிச்ச உடனே "சார் சிஸ்டம் ஸ்லோ ஆயிடுச்சு, நீங்க போட்டதுலேர்ந்துதான்"னு ஃபோன் வரும். டாஸ்க் மேனேஜர்ல பாத்தா எம்எஸ்கார்எஸ்விடபிள்யூனு ஒண்ணு ப்ராசஸர தின்னுக்கிட்டு இருக்கும். அது வைரஸ் இல்ல, புது ஃப்ரேம்வொர்க்கோட லைப்ரரிகள இந்த சிஸ்டத்துக்கு ஏத்த மாதிரி முன்கூட்டியே கம்பைல் பண்ணி வெக்குது, பழைய ஹார்ட் டிஸ்க்குன்னா கொஞ்ச நேரம் எடுக்கும், தானா அடங்கிடும். அத என்ட் டாஸ்க் குடுத்துட்டு நான் சரி பண்ணிட்டேன்னு சொல்றவங்ககிட்ட ஜாக்கிரதை.

மொத்தத்துல 4.8க்கு விண்டோஸ் 10, 11ல முழு மார்க், 7ல அந்த சர்டிஃபிகேட் கூத்துக்காக கொஞ்சம் கழிச்சுக்கலாம்.

அடுத்து கதாநாயகன், 3.5. இதப்பத்தி எழுதத்தான் உக்காந்தேன்னு கூட சொல்லலாம்.

விண்டோஸ் 7ல 3.5 கூடவே வந்துச்சு, யாருக்கும் பிரச்சனையே இல்ல. விண்டோஸ் 8லேர்ந்து அத "தேவைப்பட்டா எடுத்துக்கோ" வகைக்கு மாத்திட்டாங்க. விண்டோஸ் ஃபீச்சர்ஸ் லிஸ்ட்ல பேர் இருக்கும், பக்கத்துல டிக் பண்ற கட்டமும் இருக்கும், ஆனா ஃபைல்கள் ஹார்ட் டிஸ்க்ல இருக்காது, டிக் பண்ணினதும் விண்டோஸ் அப்டேட்டுக்கு போயி எடுத்துட்டு வரும். பந்தியில இலை போட்டு உக்கார வெச்சுட்டு அப்புறம் அரிசி வாங்க கடைக்கு ஆள் அனுப்புற மாதிரி. நெட் இருக்கற வீட்ல இது தெரியவே தெரியாது. நெட் இல்லாத கவுன்டர்ல பழைய பில்லிங் சாஃப்ட்வேர் ஐகான டபுள் க்ளிக் பண்ணினா ஒரு விண்டோ வரும், இந்த அப்ளிகேஷனுக்கு 3.5 வேணும், டவுன்லோட் பண்ணட்டுமான்னு. கடைப்பையன் ஃபோன்ல கேப்பான், "அண்ணே, டவுன்லோட் பண்ணவான்னு கேக்குது, ஆமான்னு குடுக்கவா?" குடுத்தா தேவையான ஃபைல்கள தேடறேன்னு ஒரு பச்சை கோடு ஓடிக்கிட்டே இருக்கும், கடைசில 0எக்ஸ்800எஃப்0906னு ஒரு நம்பர நீட்டும். "அண்ணே, ஏதோ எஃப் போட்டு வருதுண்ணே." அந்த எஃப் போட்டு வர்ற நம்பருக்கு அர்த்தம், அரிசிக் கடைக்கு போக வழி தெரியலங்கறதுதான்.

உடனே எல்லாரும் செய்யறது, கூகுள்ல 3.5 ஆஃப்லைன் இன்ஸ்டாலர்னு தேடறது. 230 எம்பி சொச்சத்துல மைக்ரோசாஃப்ட்டோட பழைய முழு பேக்கேஜ் ஒண்ணு கெடைக்கும், அது எக்ஸ்பி, விஸ்டா காலத்து சரக்கு. அத விண்டோஸ் 10ல ஓட்டினா உள்ள இருக்கற ஒரு ஃபைலையும் எடுக்காது, அதே "டவுன்லோட் பண்ணட்டுமா" விண்டோவதான் மறுபடி கொண்டு வந்து நிறுத்தும். 230 எம்பிய சுமந்துட்டு போயி அதே வாசல்ல நிக்கணும். நெட்ல இன்னும் சில எடத்துல யாரோ தனியா பேக் பண்ணின சின்ன இன்ஸ்டாலர்கள் உலாத்துது, உள்ள என்ன வெச்சிருக்காங்கன்னு யாருக்கு தெரியும், பில்லிங் சிஸ்டத்துல அட்மின் பர்மிஷன் குடுத்து அதயெல்லாம் ஓட்டாதீங்க, வேண்டாத வேலை.

சரியான வழி விண்டோஸ் ஐஎஸ்ஓக்குள்ளயே இருக்கு. சோர்சஸ்னு ஒரு ஃபோல்டர், அதுக்குள்ள எஸ்எக்ஸ்எஸ்னு ஒரு ஃபோல்டர், அதுக்குள்ள நெட்எஃப்எக்ஸ்3 ஆன்டிமான்ட்னு பேர் வர்ற ஒரு கேப் ஃபைல் (சுருக்கி கட்டின ஃபைல்), எழுபது எம்பி அளவுல இருக்கும். அந்த எஸ்எக்ஸ்எஸ் ஃபோல்டர மட்டும் காப்பி பண்ணிக்கிட்டா போதும், நாலஞ்சு ஜிபி ஐஎஸ்ஓவ தூக்கிட்டு திரிய வேண்டாம். பென்டிரைவ் ஃபேட்32ல இருந்தா ஒரே ஃபைலா 4 ஜிபிக்கு மேல போகாதுங்கற தொல்லையும் இதுல இல்ல. அப்புறம் கமாண்ட் ப்ராம்ப்ட்ட அட்மினா திறந்து, டிஸ்ம்ங்கற விண்டோஸோட சொந்த கமாண்ட்ல ஆன்லைன், எனேபிள் ஃபீச்சர், ஃபீச்சர் பேர் நெட்எஃப்எக்ஸ்3, ஆல், சோர்ஸ்க்கு அந்த ஃபோல்டர் பாதை, கடைசியா லிமிட் ஆக்சஸ். இதுல ஆன்லைன்னு ஒரு வார்த்தை வருதேன்னு பயப்படாதீங்க, இப்ப ஓடிக்கிட்டு இருக்கற விண்டோஸ்லயே போடுன்னுதான் அதுக்கு அர்த்தம், இன்டர்நெட்டுக்கும் அதுக்கும் சம்பந்தம் இல்ல. விண்டோஸ் அப்டேட் பக்கமே எட்டிப் பாக்காதேன்னு சொல்றது கடைசில இருக்கற லிமிட் ஆக்சஸ்தான். அத விட்டுட்டா, குடுத்த ஃபோல்டர்ல ஏதாவது சரியில்லேன்னா சத்தம் போடாம நெட்ட தேட ஆரம்பிச்சுடும், நீங்க அறுபத்தி சொச்சம் சதவீதத்துல நிக்கற கோட்ட பாத்துக்கிட்டே உக்காந்திருக்கணும். போட்டுட்டா ஒண்ணு ஏறும், இல்லேன்னா உடனே எர்ரர் வரும், ரெண்டுல ஒண்ணு தெரிஞ்சுடும்.

அப்படி வர்ற எர்ரர் பெரும்பாலும் 0எக்ஸ்800எஃப்081எஃப், சோர்ஸ் ஃபைல் கெடைக்கலேன்னு. ஃபோல்டர் கண்ணு முன்னாடி இருக்கும், கேப் ஃபைலும் இருக்கும், அப்புறம் என்ன கெடைக்கலன்னா, வெர்ஷன் பொருந்தல. இதுதான் 3.5ல மூல வியாதி. சிஸ்டத்துல இருக்கற விண்டோஸ் எந்த பில்டோ (அந்த வெர்ஷனோட உள் நம்பர்) அதே பில்டோட ஐஎஸ்ஓலேர்ந்து எடுத்த எஸ்எக்ஸ்எஸ்தான் வேணும். 1809 வெர்ஷன் சிஸ்டத்துக்கு 22எச்2 வெர்ஷன் கேப் ஆகாது, விண்டோஸ் 11க்கு 10ஓடது ஆகாது, 64 பிட்டுக்கு 32ஓடது ஆகாது. ஒரு நல்ல சேதி என்னன்னா விண்டோஸ் 10ல 2004 வெர்ஷன்லேர்ந்து 22எச்2 வரைக்கும், அதாவது பில்டு 19041லேர்ந்து 19045 வரைக்கும் அடித்தளம் ஒண்ணுதான், அதுக்கெல்லாம் ஒரே கேப் செல்லும். அதனால என் பென்டிரைவ்ல பில்டு நம்பர் பேர்லயே ஃபோல்டர் வெச்சிருக்கேன், 17763, 19041, 22000, 22621, 26100னு. ஸ்க்ரிப்ட் மொதல்ல சிஸ்டத்தோட பில்ட பாத்து அதுக்குண்டான ஃபோல்டர எடுத்துக்கும். இத ஒரு தடவ உக்காந்து சேத்து வெச்சுட்டா அப்புறம் 3.5 ஒரு பிரச்சனையே இல்ல. ஆனா அத சேக்கறதுக்கு ஒவ்வொரு பில்டு ஐஎஸ்ஓவையும் நாமளே தேடி எடுக்கணும் பாருங்க, அதுக்குத்தான் மார்க்க குறைக்கறேன். எழுபது எம்பி ஃபைல பில்டு வாரியா டவுன்லோட் பேஜ்ல போட்டு வெச்சா என்ன குறைஞ்சுடும்?

பெரிய ஆஃபீஸ்ல, டபிள்யூசஸ் சர்வர் (ஆஃபீஸுக்குள்ளேர்ந்தே விண்டோஸ் அப்டேட் குடுக்கறது) வெச்சு அப்டேட் ஓட்டற எடத்துல வேற கூத்து நடக்கும். நெட் இருந்தும் 3.5 ஏறாது, ஏன்னா சிஸ்டம் அந்த சர்வர்கிட்டதான் போயி கேக்கும், சர்வர்ல அது இருக்காது. க்ரூப் பாலிசில (எல்லா சிஸ்டத்துக்கும் ஒரே எடத்துலேர்ந்து செட்டிங் போடறது) ஆப்ஷனல் காம்பனன்ட் இன்ஸ்டாலேஷன்னு ஒரு செட்டிங் இருக்கு, அதுல மாற்று பாதைன்னு ஒரு கட்டத்துல ஷேர் ஃபோல்டர் பாதைய குடுத்துட்டா அத்தனை சிஸ்டமும் அங்கேர்ந்து எடுத்துக்கும். டொமைன் (எல்லா சிஸ்டமும் ஒரு சர்வருக்கு கட்டுப்பட்டது) வெச்சிருக்கற அட்மின் நண்பர்களுக்கு இதுதான் ராஜபாட்டை. 4.8அ பொறுத்தவரைக்கும் அது எம்எஸ்ஐ வகை இன்ஸ்டாலர் இல்ல, இஎக்ஸ்இ, அதனால க்ரூப் பாலிசியோட சாஃப்ட்வேர் இன்ஸ்டாலேஷன்ல நேரா போட முடியாது, ஸ்டார்ட்அப் ஸ்க்ரிப்ட்லதான் வெக்கணும்.

நம்மள மாதிரி டொமைன் இல்லாம வொர்க்க்ரூப்ல, அதாவது ஒவ்வொரு சிஸ்டமும் தனித்தனியா, ஓட்டறவங்களுக்கு பிஎஸ்எக்ஸெக். மார்க் ருசினோவிச்சோட சிஸின்டர்னல்ஸ் தொகுப்புல வர்றது, இலவசம், இன்ஸ்டால் பண்ண வேண்டியதே இல்ல, ஒரு சின்ன இஎக்ஸ்இ அவ்ளோதான். சிஸ்டம் பேரெல்லாம் ஒரு டெக்ஸ்ட் ஃபைல்ல வரிக்கு ஒண்ணா எழுதி, அட் குறி போட்டு அந்த ஃபைல் பேர குடுத்தா ஒண்ணொண்ணா போயி கமாண்ட ஓட்டிட்டு வரும். லேப்ல ஒவ்வொரு சீட்டா குனிஞ்சு பென்டிரைவ் சொருகறத நெனச்சு பாருங்க, முதுகு தப்பிச்சுது.

ஆனா வொர்க்க்ரூப்ல இது ஓடணும்னா சில சங்கதி தெரிஞ்சிருக்கணும். ஃபைல் ஷேரிங் ஃபயர்வால்ல திறந்திருக்கணும். லோக்கல் அட்மின் அக்கவுன்ட் பாஸ்வேர்ட் சரியா குடுத்தாலும் ஆக்சஸ் டினைட்னு வரும், காரணம் யூஏசிங்கற விண்டோஸ் பாதுகாப்பு, அது ரிமோட்ல வர்ற லோக்கல் அட்மினுக்கு முழு அதிகாரம் குடுக்காது. லோக்கல் அக்கவுன்ட் டோக்கன் ஃபில்டர் பாலிசின்னு ரெஜிஸ்ட்ரில ஒரு வேல்யூ 1னு வெக்கணும், வேலை முடிஞ்சதும் மறக்காம எடுத்துடணும், திறந்தே வெச்சா பாதுகாப்பு இல்ல. இல்லேன்னா பில்ட்இன் அட்மினிஸ்ட்ரேட்டர் அக்கவுன்ட எனேபிள் பண்ணி அதுல போகலாம், அதுக்கு இந்த கட்டுப்பாடு இல்ல.

அப்புறம் முக்கியமா, ஃபைல ஷேர் ஃபோல்டர்ல வெச்சுட்டு, விண்டோஸோட உள் அக்கவுன்ட்டான சிஸ்டம் அக்கவுன்ட்ல ஓடற மைனஸ் எஸ் போட்டு அங்கேர்ந்தே ஓட்டலாம்னு பாத்தா நடக்காது, சிஸ்டம் அக்கவுன்ட்டுக்கு வொர்க்க்ரூப்ல அடுத்த சிஸ்டத்தோட ஷேர்ல உள்ள போக அனுமதி கெடையாது. மொதல்ல ரோபோகாப்பிங்கற காப்பி கமாண்ட் வெச்சு ஒவ்வொரு சிஸ்டத்தோட சி டிரைவ்லயும் ஃபைல இறக்கிட்டு, அப்புறம் அங்கேர்ந்தே ஓட்டறதுதான் ஒழுங்கான வழி. 100 எம்பிபிஎஸ் பழைய ஸ்விட்ச்சா இருந்தாலும் 4.8 ஃபைல் ஒரு சிஸ்டத்துக்கு பத்து செகண்ட் சொச்சத்துல போயிடும், பெருசா காத்திருக்க வேண்டியதில்ல. சில ஆன்டிவைரஸ் பிஎஸ்எக்ஸெக்க பாத்ததும் புடிச்சு உள்ள போட்டுடும், திருடங்களும் இதே ஆயுதத்த பயன்படுத்தறதுனால அதுங்களையும் குத்தம் சொல்ல முடியாது, எக்ஸ்க்ளூஷன் போட்டுக்குங்க.

புது லேப் போடறவங்களுக்கு இதெல்லாமே வேண்டாம். மாஸ்டர் சிஸ்டம் ஒண்ணுல 3.5, 4.8, விஷுவல் சி ப்ளஸ் ப்ளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் (சி ப்ளஸ் ப்ளஸ்ல எழுதின சாஃப்ட்வேருக்கு வேண்டிய லைப்ரரி) எல்லாத்தையும் போட்டு, சிஸ்ப்ரெப் (வேற சிஸ்டத்துல இறக்க விண்டோஸ தயார் பண்றது) பண்ணி, க்ளோன்ஜில்லாங்கற டூல்ல இமேஜ் (டிஸ்க்கோட முழு நகல்) எடுத்து மத்ததுல இறக்கிடுங்க. விஷுவல் சி ப்ளஸ் ப்ளஸ்னு சொன்னதும் ஞாபகம் வருது, 64 பிட் விண்டோஸ்னா 64 மட்டும் போட்டா போதும்னு விட்டுடாதீங்க, 32 பிட் சாஃப்ட்வேருக்கு எக்ஸ்86 ரீடிஸ்ட்ரிபியூட்டபிளும் வேணும், ரெண்டையும் போடுங்க. 2015லேர்ந்து 2022 வரைக்கும் ஒண்ணுதான், பழசு 2008, 2010, 2012, 2013 எல்லாம் தனித்தனி. எல்லாமே முழு ஃபைலாவே வருது, நெட்ட தேடாது, அதப்பத்தி வேற ஒண்ணும் சொல்றதுக்கு இல்ல.

விஷுவல் ஸ்டுடியோ, இது காலேஜ் லேப்காரங்களுக்கு. 2017லேர்ந்து ஐஎஸ்ஓ குடுக்கறத நிறுத்திட்டாங்க, அதுக்கு பதிலா லேஅவுட். நெட் இருக்கற ஒரு சிஸ்டத்துல அவங்க குடுக்கற சின்ன பூட்ஸ்ட்ராப்பர (டவுன்லோட ஆரம்பிச்சு வெக்கற ஃபைல்) லேஅவுட் ஸ்விட்ச்சோட ஓட்டினா வேண்டியத எல்லாம் ஒரு ஃபோல்டர்ல இறக்கி வெக்கும். எதையும் குறிப்பிடாம விட்டா எல்லா வொர்க்லோடும் (வேலைக்கு ஏத்த டூல் தொகுப்பு), எல்லா மொழியும் சேந்து 30 ஜிபிக்கு மேல போயிடும், ஹாட்ஸ்பாட்ல இத தொடவே தொடாதீங்க. டெஸ்க்டாப் வொர்க்லோடு மட்டும், மொழி இங்கிலீஷ் மட்டும்னு குடுத்தா சில ஜிபில அடங்கிடும். ஃபோல்டர் பாதைய சுருக்கமா வெக்கணும், 80 எழுத்துக்குள்ள இருக்கணும்னு அவங்களே சொல்லியிருக்காங்க. க்ளையன்ட்ல போடும்போது நோவெப்னு ஒரு ஸ்விட்ச் போடுங்க, அப்பதான் இல்லாதத நெட்ல தேடாது. லேஅவுட்டுக்குள்ள சர்டிஃபிகேட்ஸ்னு ஒரு ஃபோல்டரும் சேத்தே குடுத்திருக்காங்க, நெட் இல்லாத சிஸ்டத்துல அத மொதல்ல ஏத்திக்கலாம், 4.8க்கு நாம தனியா தேடினத இங்க கையிலயே குடுத்துட்டாங்க, பாராட்டணும். ஸ்விட்ச் மட்டும் ஜிகாபிட்டா இருக்கட்டும், 10 ஜிபி லேஅவுட்ட 100 எம்பிபிஎஸ்ல ஒரு சிஸ்டத்துக்கு தள்ளவே கால் மணி நேரம் ஆகும், முப்பது சிஸ்டம்னா விடிஞ்சுடும்.

கொக்கின்னு சொன்னேன்ல, அது கம்யூனிட்டி எடிஷன்ல. வகுப்புல சொல்லித்தர எத்தனை பேர் வேணா இலவசமா பயன்படுத்தலாம், சந்தோஷம், ஆனா 30 நாளைக்குள்ள மைக்ரோசாஃப்ட் அக்கவுன்ட்ல சைன் இன் பண்ணணும். நெட்டே இல்லாத லேப்ல எங்க போயி சைன் இன் பண்றது? முழுசா ஆஃப்லைன்ல ஓட்டணும்னா ப்ராடக்ட் கீ போடற ப்ரொஃபஷனலோ என்டர்ப்ரைஸோதான். இன்ஸ்டால் பரீட்சைல பாஸ், லைசன்ஸ் பரீட்சைல ஃபெயில்.

புது டாட்நெட், அதாவது 6, 8 இதுகளுக்கு டெஸ்க்டாப் ரன்டைம்னு முழு இன்ஸ்டாலரே கெடைக்குது, அறுபது எம்பிக்குள்ள, சத்தமில்லாம ஏறுது. பேர் மட்டும் பாத்து எடுங்க, வெறும் ரன்டைம்னு இருக்கறத போட்டா விண்டோ உள்ள சாஃப்ட்வேர் ஓடாது, டெஸ்க்டாப் ரன்டைம்தான் வேணும். செல்ஃப் கன்டெயின்டா, அதாவது ரன்டைமையும் உள்ளயே வெச்சு, பப்ளிஷ் பண்ணின சாஃப்ட்வேருன்னா அதுவும் வேண்டாம், ஃபோல்டர காப்பி பண்ணினா ஓடும்.

சாஃப்ட்வேர் எழுதி விக்கறவங்களுக்கும் ஒண்ணு சொல்லணும். ஒரு கடைக்கு பில்லிங் சாஃப்ட்வேர் வாங்கினாங்க, பேர் வேண்டாம், "ஃபுல் செட்டப் சார், நெட் தேவையே இல்ல"ன்னு சிடியில குடுத்துட்டு போனாங்க. செட்டப்ப ஓட்டினா ஃப்ரேம்வொர்க் டவுன்லோட் பண்ண நெட்ட தேடுது. ஃபோன் பண்ணினா "மொபைல் ஹாட்ஸ்பாட் ஆன் பண்ணுங்க சார், ரெண்டு நிமிஷ வேலை"ங்கறாங்க. விஷயம் ரொம்ப சின்னது, விஷுவல் ஸ்டுடியோல செட்டப் தயார் பண்ணும்போது ப்ரீரெக்விசிட்ஸ்னு ஒரு பக்கம் வரும், அதுல தயாரிச்சவங்க வெப்சைட்லேர்ந்து டவுன்லோட் பண்ணுங்கறதுதான் தானா செலக்ட் ஆகியிருக்கும். அத மாத்தி, என் சாஃப்ட்வேர் இருக்கற எடத்துலேர்ந்தே எடுத்துக்கோங்கறத செலக்ட் பண்ணி, அந்த ஃபைலையும் கூட வெச்சுட்டா சிடியிலேயே எல்லாம் இருக்கும். ஒரு ரேடியோ பட்டன் சார், ஒரே ஒரு ரேடியோ பட்டன்.

3.5க்கு 2029 ஜனவரி 9 வரைக்கும் சப்போர்ட் இருக்கு, அதனால உடனே யாரும் பதற வேண்டாம். ஆனா சோர்ஸ் கோட் கையில இல்லாத, எழுதினவர் எங்க இருக்கார்னே தெரியாத 2.0 காலத்து சாஃப்ட்வேர் வெச்சிருக்கறவங்க ஒண்ணு முயற்சி பண்ணி பாக்கலாம். அந்த இஎக்ஸ்இ பேரோட டாட் கான்ஃபிக் சேத்து ஒரு டெக்ஸ்ட் ஃபைல் பக்கத்துல வெச்சு, அதுல சப்போர்ட்டட் ரன்டைம் வி4.0னு எழுதினா, 3.5 இல்லாமலே 4.8ல ஓட பாக்கும். வெறும் ஃபார்ம், டேட்டாபேஸ்னு எழுதின சாதா சாஃப்ட்வேர் நிறைய இப்படி ஓடிடும், பழைய கிறிஸ்டல் ரிப்போர்ட்ஸ்ங்கற ரிப்போர்ட் டூல் வெச்சு பில் அடிக்கறது பல எடத்துல பிரின்ட் குடுக்கற நேரத்துல படுத்துக்கும். அதனால ஒரு சிஸ்டத்துல போட்டு, பில் அடிச்சு, ரிப்போர்ட் எடுத்து, நாள் கணக்கு முடிக்கற வரைக்கும் ஓட்டி பாத்துட்டு மத்த கவுன்டருக்கு போங்க. பிரின்ட்ல அடி வாங்குச்சுன்னா அந்த கான்ஃபிக் ஃபைல டெலிட் பண்ணிட்டு எஸ்எக்ஸ்எஸ் ஃபோல்டர எடுத்துக்க வேண்டியதுதான்.